இசை, ஓவியம், சினிமா: மூன்றில் எதை விடுவது?

கேள்வியை முதலில் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். கேட்டிருப்பவர் பாளையங்கோட்டைப் பக்கத்துத் தம்பி, 23 வயது. லைட் மியூசிக் பார்ட்டியில் கீபோர்டு வாசிக்கிறார். கொடைக் காலத்தில், அதாவது ஊர்ச் சாமி கோயில் திருவிழா நாட்களில், வில்லுப்பாட்டுக் குழுவோடும் போகிறார். பள்ளிக்கூட நாளிலிருந்தே படம் வரைவார், இப்போது சுவர் விளம்பரம் எழுதியும் கொஞ்சம் சம்பாதிக்கிறார். அடுத்து குறும்படம் எடுக்க ஆசை. வீட்டில், "மூணுல ஒண்ணையாவது உருப்படியா செய்யி" என்கிறார்கள். ஒரு இசைக்காரர் ஓவியம், சினிமா என்று மூன்று பக்கமும் போய் நிலைக்க முடியுமா, முடியாது என்றால் எதை விடுவது, ராகத்துக்கு நிறம் உண்டு என்கிறார்களே அது உண்மையா, கேமரா வாங்கக் கடன் எடுக்கலாமா என்று நான்கு கேள்விகள் கேட்டிருக்கிறார்.

முடியுமா என்பது பெரிய கேள்வி இல்லை. முடிந்தவர்கள் இருக்கிறார்கள், கீழே சொல்கிறேன். நீங்கள் உள்ளூரக் கேட்பது வேறு என்று படுகிறது. இந்த மூன்றுக்கும் நடுவில் உண்மையிலேயே ஒரு உறவு இருக்கிறதா, இல்லை நான் சும்மா மேய்ந்துகொண்டிருக்கிறேனா என்பதுதான் அது. அதற்குத்தான் பதில் சொல்லப் பார்க்கிறேன். நான் வயலின் படித்தவன். பிழைப்பு ஒலிப்பதிவு. ஆவணப்படங்களுக்கும் குறும்படங்களுக்கும் இடத்துக்கே போய் ஒலி எடுப்பது, அப்புறம் மேஜையில் உட்கார்ந்து அதைப் படத்தோடு சேர்ப்பது, சில படங்களுக்குப் பின்னணி இசை அமைப்பது என்று பல வருடமாக இதிலேயே இருக்கிறேன். ஓவியம் என் தொழில் இல்லை. ஓவியர்களோடு வேலை செய்தவன் என்ற அளவில்தான் அதைப் பேச முடியும். உங்கள் வாசிப்பையும் வரைதலையும் நான் பார்த்ததில்லை, அதனால் உங்கள் திறமையைப் பற்றி ஒரு வார்த்தையும் சொல்லப்போவதில்லை.

உறவு இருக்கிறதா என்றால், உறுதியாக இருக்கிறது. அதற்கு எங்கேயும் போய்ச் சாட்சி தேட வேண்டாம். நீங்கள் வாசிக்கப் போகிற கொடையையே ஒரு முறை வாசிக்காமல் உட்கார்ந்து பாருங்கள். வெள்ளையடித்துக் காவிப் பட்டை தீட்டிய பூடம் (சாமி பீடம்), சந்தனக் காப்பு, பூப் படைப்பு, பந்த வெளிச்சம், திரை போட்டு மறைத்து அலங்காரம் முடித்துச் சரியான நொடியில் திரையை விலக்குவது, இத்தனையும் கண்ணுக்கு. வில், உடுக்கு, குடம், தாளம், கட்டை, அப்புறம் மேளமும் நாதஸ்வரமும் காதுக்கு. இரண்டையும் கோத்துக்கொண்டு சாமியை அழைக்கிற குடியழைப்பில் தொடங்கி மதியக் கொடை, சாமக் கொடை வரைக்கும் ஒரு கதை ஓடுகிறது. கதைக்கு முதலும் முடிவும் உண்டு, யார் எப்போது வர வேண்டும் என்ற ஒழுங்கும் உண்டு. படம் எடுப்பதில் என்னென்ன பிரச்சினை வருமோ அத்தனையும் இங்கே ஏற்கெனவே இருக்கின்றன. கேமரா ஒன்றுதான் இல்லை.

அதிலும் புலவரை உற்றுப் பாருங்கள். வில்லுக்குப் பின்னால் உட்கார்ந்து வீசுகோலால் நாணைத் தட்டிக் கதை சொல்கிறவருக்குக் கண் சும்மா இருப்பதே இல்லை. சுடலைமாடன் சாமி கதையில் ஒரு கட்டத்தைப் பாடிக்கொண்டிருப்பார். எதிரே நிற்கிற சாமியாடியின் தோள் லேசாகக் குலுங்கும். கூட்டத்தில் முக்கால்வாசிப் பேர் அதைப் பார்த்திருக்க மாட்டார்கள். புலவர் பார்த்துவிடுவார். பாட்டின் அடியைச் சுருக்குவார், பின்பாட்டுக்காரர்களுக்கு ஒரு தலையசைப்பு, குடம் அடிப்பவர் கை மாறும், கதை அப்படியே நின்று தாளம் மட்டும் மேலே ஏறும். அருள் வந்து ஆடி முடிந்து, திருநீறு கொடுத்து, கூட்டம் மறுபடி உட்காரும். புலவர் விட்ட இடத்தில் கதையை எடுக்க மாட்டார். பாட்டில் இரண்டு வரி பின்னால் போய், கேட்டவர்களுக்கு நினைவு வருகிற மாதிரி ஒரு வரியைத் திரும்பப் பாடிவிட்டு, அப்புறம் மேலே போவார். எடிட்டிங் மேஜையில் நாங்கள் மண்டையை உடைத்துக்கொள்வது இதற்குத்தான். எங்கே நிறுத்துவது, எவ்வளவு நேரம் கதையை விட்டு விலகி இருக்கலாம், திரும்பி வரும்போது எந்தப் படத்தில் வந்தால் பார்ப்பவருக்கு வழி தவறாது. நல்ல புலவர் இதைக் கண்ணும் காதும் சேர்ந்து, அந்த நொடியிலேயே செய்கிறார்.

கணியான் கூத்தும் அப்படித்தான். கொடையில் மகுடம் என்கிற தோல் கருவியை அடித்துக் கதை பாடி ஆடுகிற கூத்து அது. வாய்ப்புக் கிடைத்தால் மகுடம் அடிப்பவர்கள் பக்கத்தில் போய் நில்லுங்கள். இரண்டு மகுடம் இருக்கும், ஒன்று உச்சம், ஒன்று மந்தம். இரவு ஏற ஏறப் பனி இறங்கித் தோல் தளர்ந்துவிடும். உடனே ஓரமாக மூட்டி வைத்த தீயில் காட்டுவார்கள். காட்டி, விரலால் ஒரு தட்டு. திரும்பக் காட்டி, இன்னொரு தட்டு. மந்தமாக 'தொப்' என்று இருந்தது மெல்ல மெல்ல மேலே ஏறி, ஒரு இடத்தில் 'கிண்' என்று திறக்கும். அந்தச் சத்தம் வந்ததும் எடுத்துவிடுவார்கள். ஒரு கணம் கூடினாலும் தோல் கெட்டுவிடும். வாசிக்கிறவரின் முகத்தில் பாதி தீ வெளிச்சம், பாதி இருட்டு. எந்த ஒளிப்பதிவாளரும் ஆசைப்படுகிற காட்சி. ஆனால் அவர் முகம் அப்படி இருப்பதற்குக் காரணம் சுருதி. அழகுக்காக யாரும் அங்கே தீ மூட்டவில்லை. படமும் ஓசையும் ஒரே வேலையிலிருந்து பிறக்கிற இடம் இது. இப்படிப்பட்ட இடங்களைக் கண்டுபிடிக்கிற கண் உங்களுக்கு வந்துவிட்டால், மூன்று கலை என்கிற கவலையே பாதி போய்விடும்.

சரி, உறவு இருக்கிறது. அடுத்து, ஒன்றிலிருந்து இன்னொன்றுக்கு எது கூட வரும், எது வராது என்று பார்க்க வேண்டும். கைவேலை வராது. பத்து வருடம் கீபோர்டு வாசித்த விரல் தூரிகையைப் பிடித்தால் முதல் நாள் பிள்ளையின் விரல்தான். நன்றாக வரைகிறவர் என்பதால் கேமராவை எங்கே வைப்பது என்று தெரிந்துவிடாது. இதில் எனக்குச் சந்தேகமே இல்லை. கூட வருவது காலத்தைப் பற்றிய உணர்வு. ஒன்று எவ்வளவு நேரம் நின்றால் போதும், எப்போது அலுக்கும், எப்போது மாற்றம் வேண்டும், எப்போது சும்மா இருக்க வேண்டும் என்பது. தாளத்தில் ஊறியவருக்கு இது உடம்பிலேயே இருக்கும். ஓவியத்திலிருந்து வருவது எதை விடுவது என்கிற தெளிவு. நீங்கள் சுவரில் எழுதுகிறீர்களே, எழுத்தின் கனத்தை விட எழுத்துக்கு நடுவில் விடுகிற இடம்தான் தூரத்திலிருந்து படிக்க வைக்கிறது என்பது உங்கள் கைக்கே தெரியும். அது குறும்படத்தில் உங்களைக் காப்பாற்றும்.

இப்படிப் பல பக்கம் போனவர்களைப் பார்ப்போம். முதலில், போகாதவர் ஒருவர். நாதஸ்வர வித்வான் காருகுறிச்சி அருணாசலம் 1921-இல் பிறந்து 1964-இல் மறைந்தவர், திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளையின் சீடர். 1962-இல் வந்த 'கொஞ்சும் சலங்கை' படத்தில் எஸ். ஜானகியின் குரலோடு அவர் நாதஸ்வரம் ஆபேரி ராகத்தில் போட்டி போடும். அந்தப் பாட்டு இன்றும் ஒலிக்கிறது. அவர் சினிமாவுக்குள் போனார் என்றாலும் சினிமாக்காரர் ஆகவில்லை. கோயில் வீதியில் வாசித்ததையேதான் அங்கேயும் வாசித்தார், சினிமா அவரிடம் வந்தது என்று சொல்வதுதான் பொருத்தம். இதுவும் ஒரு பாதைதான். மூன்றும் செய்தால்தான் கலைஞன் என்று உங்களிடம் யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

சுப்பு ஆறுமுகம் கொஞ்சம் வேறு மாதிரி. சத்திரம் புதுக்குளத்துக்காரர், 1928-இல் பிறந்தவர். கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் அவரைச் சென்னைக்குக் கூட்டிப்போனார். படங்களுக்கு நகைச்சுவைப் பகுதிகள் எழுதினார். ஆனாலும் வில்லை விடவில்லை. சாமி கதை சொல்லிக்கொண்டிருந்த வில்லில் காந்தி கதை சொன்னார், வானொலியிலும் மேடையிலும் கடைசி வரை அதையே சொன்னார். 2021-இல் பத்மஸ்ரீ, அடுத்த ஆண்டு மறைந்தார். சினிமாவில் வேலை செய்த ஒருவர் வில்லுப்பாட்டுக்காரராகவே நினைக்கப்படுகிறார். தாய்த் தொழில் ஒன்று பிடிமானமாக இருந்ததால், மற்ற இடங்களுக்குத் தைரியமாகப் போய்வர முடிந்தது என்று நான் எடுத்துக்கொள்கிறேன்.

ஓவியப் பக்கம் பார்த்தால், கோவில்பட்டி கொண்டையராஜு (1898 - 1976). உங்கள் பாட்டி வீட்டுப் பூஜை அறையில் மாட்டியிருந்த முருகன், லட்சுமி காலண்டர் படம் அவர் கையோ அவருடைய மாணவர்கள் கையோவாக இருக்க நிறைய வாய்ப்பு உண்டு. அவர் நாடகக் கம்பெனியில் திரைச்சீலை வரைந்தவர். கம்பெனி கோவில்பட்டியில் கலைந்தபோது அங்கேயே தங்கி ஸ்டுடியோ போட்டார். சிவகாசி அச்சகங்கள் பக்கத்திலேயே இருந்தன, படங்கள் நாடெங்கும் போயின. நாடகத் திரைச்சீலையை வெறும் படம் என்று நினைக்கக் கூடாது. முன்னால் நடிகர் நின்று உச்சக் குரலில் பாடுவார், ஆர்மோனியம் இரவு முழுக்க ஒலிக்கும், பெட்ரோமாக்ஸ் வெளிச்சம் விழும். அதற்கெல்லாம் பின்னால் நிற்கத் தாங்குகிற படம் அது. அவருடைய சாமி படங்களைப் பாருங்கள். சாமி நேராக நம்மைப் பார்க்கும், பின்னால் மலையும் அருவியும் மண்டபமும் அடுக்கடுக்காகத் தள்ளிப்போகும். மேடையின் முன்பக்கமும் பின்திரையும் அப்படியே காலண்டருக்குள் வந்துவிட்டது என்பது என் கருத்து. ஆராய்ச்சி முடிவாகச் சொல்லவில்லை. ஆனால் ஒரு துறையிலிருந்து இன்னொன்றுக்குப் போனவர்கள் பெரும்பாலும் நடுவில் ஒரு வேலையைப் பாலமாக வைத்தே போயிருக்கிறார்கள் என்பதற்கு இவர் நல்ல சாட்சி. ஆசையை மட்டும் வைத்துக்கொண்டு அந்தப் பக்கம் குதித்தவர் இல்லை.

அடுத்து வீணை எஸ். பாலச்சந்தர். என் மனசுக்கு மிக நெருக்கமான ஆள் என்பதால் கொஞ்சம் அதிகமாகவே சொல்வேன், பொறுத்துக்கொள்ளுங்கள். 1927-இல் பிறந்தவர். வீணையைத் தானாகவே கற்றுக்கொண்டவர். சிறு வயதிலேயே படத்தில் நடித்தார், வளர்ந்து இயக்கினார், இசையும் அமைத்தார். 1954-இல் அவர் இயக்கி ஏவிஎம் தயாரித்த 'அந்த நாள்' படத்தில் பாட்டு கிடையாது, நடனம் கிடையாது, சண்டையும் கிடையாது. ஒரு கொலை, அதை ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாகச் சொல்வார்கள், அவ்வளவுதான். தமிழ்ப் படம் என்றாலே பாட்டு என்று இருந்த காலம். அப்போது பாட்டே இல்லாத படத்தை எடுத்தவர் ஒரு சங்கீதக்காரர். இதை நான் திரும்பத் திரும்ப யோசித்திருக்கிறேன். பாட்டு தெரியாதவர் பாட்டை விட்டால் அது குறையாகத் தெரியும். பாட்டு என்ன செய்யும், எங்கே செய்யும் என்று முழுக்கத் தெரிந்தவரால்தான், இந்தக் கதைக்கு அது வேண்டாம் என்று துணிந்து சொல்ல முடியும். அப்புறம் அவர் சினிமாவை ஒதுக்கிவிட்டு வீணைக்கே திரும்பினார், 1990-இல் மறையும் வரை வீணை வித்வானாகவே அறியப்பட்டார். படம் எடுத்தது வீணையைக் கெடுத்தது என்று சொல்ல எனக்கு ஒரு காரணமும் தெரியவில்லை. ஒரே தந்தியை இழுத்து அத்தனை சுரங்களைக் காட்டுகிற அவருடைய வாசிப்பைக் கேட்கும்போது, வெட்டாமல் நீளும் ஒரு காட்சி நினைவுக்கு வருகிறது. அது கேட்கிற என் கற்பனையாகவும் இருக்கலாம்.

தமிழ்நாட்டுக்கு வெளியே சத்யஜித் ராயை எல்லோரும் சொல்வார்கள். சொல்லாமல் விடுவது ஒன்று இருக்கிறது, அவர் போன வரிசை. விளம்பர நிறுவனத்தில் ஓவியராக இருந்தார். புத்தகங்களுக்கு அட்டை வரைந்தார். 'பதேர் பாஞ்சாலி' நாவலின் சிறுவர் பதிப்புக்குப் படம் வரைந்தபோதுதான் அது சினிமாவாக அவர் மனதில் விழுந்தது. 1955-இல் படம் வந்தபோது இசை ரவிசங்கர். 'ஜல்சாகர்' படத்துக்கு விலாயத் கான், 'தேவி' படத்துக்கு அலி அக்பர் கான். பெரிய பெரிய வித்வான்களோடு உட்கார்ந்து, தன் படத்துக்கு என்ன வேண்டும் என்ன வேண்டாம் என்று தெரிந்துகொண்ட பிறகுதான், 1961-இல் 'தீன் கன்யா'வில் தொடங்கித் தானே இசையமைத்தார். நீங்கள் எதிர்ப்பக்கத்திலிருந்து வருகிறீர்கள், அவ்வளவுதான் வித்தியாசம். அவர் இசைக்குப் போன மாதிரி நீங்கள் படத்துக்குப் போக வேண்டும். முதல் குறும்படத்திலேயே கதை, இயக்கம், கேமரா, இசை எல்லாவற்றிலும் உங்கள் பெயர் இருக்க வேண்டாம். உங்களை விட நன்றாகப் படம் பிடிக்கிற ஒருவரை வைத்துக்கொண்டு, அவர் ஏன் அங்கே நிற்கிறார் என்று பாருங்கள்.

ராகத்துக்கு நிறம் உண்டா என்று கேட்டீர்கள். வடக்கே ராஜஸ்தான், பஹாடி, தக்காண ஓவியங்களில் ராகமாலா என்று ஒரு மரபே இருந்தது. ஒவ்வொரு ராகத்தையும் ஒரு ஆணாக, பெண்ணாக, ஒரு பருவமாக, ஒரு பொழுதாக வரைந்தார்கள். அது ஒரு வழக்கம், ஒரு கூட்டம் மக்கள் தங்களுக்குள் ஒப்புக்கொண்ட குறியீடு. ஓசையைக் கேட்டால் கண்ணுக்குள் நிறம் தோன்றுகிற மனிதர்கள் உண்மையிலேயே இருக்கிறார்கள், ஆனால் ஒருவருக்குத் தோன்றுகிற நிறம் இன்னொருவருக்குத் தோன்றுவதில்லை. ஆகவே, உங்கள் குறும்படத்தில் முகாரி ஒலிக்கும்போது திரையை நீலமாக்கிவிட்டால் மேலப்பாளையத்தில் உட்கார்ந்து பார்க்கிறவருக்கு அது புரியும் என்று நினைக்காதீர்கள். நீலம்தான் தெரியும். ஆனால் ஓசைக்கும் கோட்டுக்கும் இருக்கிற உறவு இதை விட உறுதியானது. நீண்டு இழுபடும் ஓசை, சட்டென்று வெட்டும் ஓசை, கனமானது, மெல்லியது, பக்கத்தில் இருப்பது, தூரத்தில் இருப்பது, இதையெல்லாம் பென்சிலால் காட்டினால் யாருக்கும் புரியும். நிறத்தை விட்டுவிட்டு அங்கிருந்து தொடங்குங்கள்.

இதற்கு ஒரு நல்ல பாடம் உங்கள் பக்கத்திலேயே இருக்கிறது. திருப்புடைமருதூர் நாறும்பூநாதர் கோயில் கோபுரத்தின் உட்புறம் நாயக்கர் காலத்துச் சுவரோவியங்களும் மரச் சிற்பங்களும் இருக்கின்றன. அனுமதி வாங்கித்தான் மேலே போக வேண்டும். குதிரைகளை ஏற்றிவந்த கப்பல் ஒன்று அங்கே வரைந்திருக்கிறது, பலர் அதைப் பார்க்கத்தான் போவார்கள். நீங்கள் போனால் கப்பலோடு நின்றுவிடாமல், ஓவியர் சுவரை எப்படிப் பட்டை பட்டையாகப் பிரித்திருக்கிறார், கதை எந்தப் பக்கம் நகர்கிறது, எங்கே ஆட்களை நெருக்கி எங்கே வெற்றிடம் விட்டிருக்கிறார் என்று பாருங்கள். நெருக்கமாக இருக்கிற இடத்தில் கண் வேகமாக ஓடும், வெற்றிடத்தில் நிற்கும். அது லயம். நோட்டில் அந்தப் பிரிப்பை மட்டும் கோடுகளாக வரைந்துகொண்டு வாருங்கள், உருவங்கள் வேண்டாம்.

சினிமாப் பக்கம் வந்தால், இசைக்காரர்கள் உடனே கற்றுக்கொள்ளக்கூடிய கணக்கு ஒன்று உண்டு. படம் ஒரு விநாடிக்கு 24 ஃபிரேம், அதாவது 24 தனித்தனிப் படங்கள். நிமிடத்துக்கு 120 அடி (தாளத் தட்டு) வேகத்தில் தாளம் போனால் ஒரு அடிக்கு சரியாக 12 ஃபிரேம். 144 என்றால் 10. 130 என்று வைத்தால் பதினொன்றும் சில்லறையும், ஒவ்வொரு வெட்டும் துளித்துளியாக விலகும். எட்டு அட்சரம் (எண்ணிக்கை) உள்ள ஆதி தாளத்தை அட்சரத்துக்கு ஒரு விநாடி என்று எடுத்துக்கொண்டால் ஒரு ஆவர்த்தனம், அதாவது தாளத்தின் ஒரு முழுச் சுற்று, 192 ஃபிரேம். இந்தக் கணக்கு உங்களுக்குச் சுலபமாக வரும், எடிட்டர்கள் உங்களைப் பார்த்து ஆச்சரியப்படுவார்கள். ஆனால் அதிலேயே ஒரு பள்ளமும் இருக்கிறது. தாளம் தெரிந்தவர்கள் எடிட் செய்தால் ஒவ்வொரு அடியிலும் வெட்டுவார்கள். அரை நிமிடத்தில் பார்ப்பவருக்கு அடுத்த வெட்டு எங்கே என்று தெரிந்துவிடும், அப்புறம் பார்க்க என்ன இருக்கிறது? நான் வேலை செய்த நல்ல எடிட்டர்கள் பலர் அடிக்கு ஓரிரு ஃபிரேம் முன்னாலேயே வெட்டுவார்கள், அல்லது மூன்று அடியை விட்டு நான்காவதில் வெட்டுவார்கள். இது விதி இல்லை, கை வழக்கம்தான். ஆனாலும் செய்து பார்த்தால் வித்தியாசம் உடனே தெரியும்.

இன்னொரு பள்ளம் இதை விடப் பெரியது. லைட் மியூசிக்கில் கீபோர்டு வாசிப்பவருக்கு இடைவெளி என்றாலே பயம். பாடகர் மூச்சு விடுகிற இடத்தையெல்லாம் நிரப்பிப் பழகிய கை. அந்தக் கை பின்னணி இசை போட உட்கார்ந்தால், அம்மா கதவைத் திறந்தால் ஒரு ஸ்டிரிங்ஸ், அப்பா திரும்பிப் பார்த்தால் ஒரு புல்லாங்குழல். பல குறும்படங்கள் என்னிடம் வரும்போது முதல் வேலையாக இசையை முழுக்க அணைத்துவிட்டுத்தான் பார்க்கிறேன். காட்சி தானாக நிற்கிறதென்றால் அங்கே இசை வேண்டாம். நிற்கவில்லை என்றாலும் இசை அதைத் தூக்கி நிறுத்தாது, காட்சியைத்தான் திருத்த வேண்டும். உங்கள் முதல் படத்துக்கு இசையே போடாதீர்கள் என்று சொல்வேன். குழம்பு கொதிக்கிற சத்தம், பக்கத்து வீட்டு டிவி, மழைக்கு முந்தின காற்று, இவற்றை ஒழுங்காகப் பதிவு செய்து சேருங்கள். சங்கீதக்காரருக்கு இது கஷ்டமான பயிற்சி. ஆனால் இதில்தான் உங்கள் காது மற்ற இயக்குநர்களிடம் இல்லாத ஒரு சொத்து என்பது உங்களுக்கே புரியும்.

வீட்டில் சொல்வதைத் தள்ளிவிட மாட்டேன். அவர்கள் கேட்பதில் நியாயம் இருக்கிறது. மூன்றிலும் ஒரே சமயத்தில் பாதி பாதி கற்றுக்கொண்டிருந்தால் எந்த ஒன்றிலும் உங்களை நம்பி யாரும் வேலை தர மாட்டார்கள். ஒன்று தாய்த் தொழிலாக இருக்க வேண்டும், அதற்கு நாள்தோறும் சாதகம் வேண்டும், சோறு அதிலிருந்து வர வேண்டும். உங்களுக்கு அது இசை என்றுதான் தோன்றுகிறது. சித்திரை, வைகாசி, ஆடி என்று கொடை நடக்கிற மாதங்களில் கையில் வேலை இருக்கிறது, அதை விடக் கூடாது. கீபோர்டோடு நிற்காமல், மாவட்ட அரசு இசைப் பள்ளியில் வாய்ப்பாட்டோ மிருதங்கமோ முறையாகப் படிக்கலாம். திருநெல்வேலியிலேயே இருக்கிறது, கட்டணமும் தனியார் இடங்களைப் போல இருக்காது. வயது வரம்பு உண்டு என்பதால் தள்ளிப்போடாமல் போய் விசாரியுங்கள். சினிமாவை முறையாகப் படிக்க வேண்டும் என்றால் சென்னை தரமணியில் எம்.ஜி.ஆர். திரைப்படக் கல்லூரி இருக்கிறது, ஒலிப்பதிவு, எடிட்டிங் எல்லாம் தனித்தனிப் படிப்பாக உண்டு. படித்தால்தான் வருமா என்றால் இல்லை. படிக்காமல் நன்றாக வந்தவர்கள் உண்டு, படித்தும் வராதவர்கள் உண்டு. இதில் உறுதியாக ஒரு பக்கம் நின்று பேசுகிறவர்கள் பெரும்பாலும் தங்கள் கதையை மட்டும் வைத்துப் பேசுகிறார்கள். உங்களைப் போல இசை தெரிந்தவருக்கு ஒலிப்பதிவுதான் நல்ல பாலம் என்பது என் எண்ணம். நான் வந்த வழியும் அதுதான் என்பதால், இதைக் கொஞ்சம் கழித்துக்கொண்டே எடுத்துக்கொள்ளுங்கள்.

பயிற்சி என்று கேட்டால் ஒன்று சொல்கிறேன். தாமிரபரணிக் கரையில் குறுக்குத்துறை படித்துறையில் காலையில் போய் உட்காருங்கள். பத்து நிமிடம் கண்ணை மூடிக்கொண்டு ஓசையைப் பதிவு செய்யுங்கள். துணி துவைக்கிற அடி, முருகன் கோயில் மணி, தண்ணீர், பேச்சு, தூரத்து வண்டி. பதிவு முடிந்ததும் கேட்டதை அப்படியே நோட்டில் கோடுகளாக வரையுங்கள், எது நீளம், எது கனம், எது எத்தனை முறை வந்தது. அப்புறம் அந்தத் தாளைப் பார்த்துக்கொண்டு, ஓசை இல்லாமல் ஐந்தாறு காட்சிகள் எடுங்கள். வீட்டுக்கு வந்து முதலில் பதிவு செய்த ஓசையை அந்தப் படத்துக்குக் கீழே போடுங்கள். துவைக்கிற கை படத்தில் இல்லாமல், அந்தச் சத்தம் மட்டும் கேட்டுக்கொண்டு கோயில் சுவர் தெரிகிற ஒரு இடம் வரும் பாருங்கள், அங்கே படமும் ஓசையும் ஒன்றையொன்று சொல்லாமல் சொல்லும். வெள்ளம் வந்து கோயில் முங்கி வடிந்த பிறகு இன்னொரு முறை போய் இதையே செய்யுங்கள். இரண்டும் வேறு வேறு படமாக இருக்கும். இது மூன்றும் சேர்ந்த வேலைதான், ஆனால் ஒரே வேலை.

கொடையைப் படம் எடுக்கப் போகிறீர்கள் என்றால் விழாக் கமிட்டியிடம் முன்கூட்டியே கேட்டுவிடுங்கள். உங்களை வாசிக்கிற தம்பியாக அவர்களுக்குத் தெரியும் என்பதால் அனுமதி தானாக வந்துவிடாது. சாமியாடி முகத்தில் லைட் அடிக்கக் கூடாது. சாமக் கொடையில் கேமராவே கூடாது என்று சொன்னால் மறுபேச்சுப் பேசாமல் பையில் வைத்துவிட வேண்டும். ஓசை மட்டும் பதிவு செய்துகொள்ளலாமா என்று தனியாகக் கேளுங்கள், அதற்குச் சில இடங்களில் ஒப்புக்கொள்வார்கள். மகுடம், உடுக்கு மாதிரிக் கருவிகளின் அடி திடீரென்று மேலே எழும், அதனால் பதிவு அளவை உச்ச அடிக்கு மைனஸ் 12 டெசிபல் பக்கம் வருகிற மாதிரி முன்னாலேயே குறைத்து வைத்துவிடுங்கள். கிழிந்த ஓசையைப் பிறகு யாராலும் தைக்க முடியாது.

கடைசியாக, கேமராக் கடன். வேண்டாம். இப்போது கையில் இருக்கிற போன் படம் எடுக்கப் போதும், முதல் இரண்டு மூன்று குறும்படத்தை அதில் எடுத்து யாரும் உங்களைக் குறை சொல்லப்போவதில்லை. போன் படத்தில் பார்க்கிறவர்களை விரட்டுவது ஓசைதான். காற்று அடிக்கும், பேச்சு தூரத்தில் கேட்கும், ஒவ்வொரு வெட்டிலும் பின்னணி மாறும். பணம் சேர்ந்தால் முதலில் ஒரு சின்ன ரெக்கார்டர், காற்றுக்கு மைக்கில் மாட்டுகிற பஞ்சு உறை, காதை முழுக்க மூடுகிற ஹெட்போன். ரெக்கார்டரில் 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், வேவ் கோப்பாக வையுங்கள், பாட்டுக்குப் பழகிய 44.1 வேண்டாம். படத்தோடு சேர்க்கும்போது தொல்லை இருக்காது. ஒவ்வொரு முறை பதிவு தொடங்கும்போதும் கேமராவுக்கு முன்னால் ஒரு கைதட்டல், அது இரண்டையும் பிறகு சேர்க்க உதவும். காட்சி முடிந்ததும் எல்லோரையும் சும்மா நிற்கச் சொல்லி அந்த இடத்தின் வெறும் ஓசையை ஒரு நிமிடம் தனியாக எடுத்துக்கொள்ளுங்கள். வெட்டுகளுக்கு நடுவில் அதைத்தான் பரப்புவோம். இந்தக் கருவிகள் சீசனில் சேர்கிற பணத்துக்குள்ளேயே முடிந்துவிடும், வட்டி கட்ட வேண்டியதில்லை. எடுத்த பிறகு கேட்கத் தோன்றினால் இங்கேயே போடுங்கள், கேட்டுவிட்டுச் சொல்கிறேன்.